பொண்ணு பார்க்குற போட்டோவுக்கு 23 நிமிஷம் அசையாம நின்னேன், "செல்ஃபிதானே" என்கிறார்கள்

பாதி_சிரிப்பு | சனி, இரவு 10:42

எல்லாருக்கும் வணக்கம். ரெண்டு வருஷமா இங்கே ஓரமா நின்னு வாசிக்கிறவள், முதல் தடவையா இழை தொடங்குறேன். ஓவியக் கல்லூரி முடிச்சு ஒரு வருஷம் ஆச்சு. வரையுறதை விட்டுட்டு இப்போ கேமரா முன்னால நானே நின்னு செய்யுற வேலைகள்ல இருக்கேன். நிகழ்த்துகலை, வீடியோ, எப்படி வேணா சொல்லிக்கலாம். வீட்டுல "சும்மா இருக்கா"ன்னு சொல்றாங்க.

ஊரு சங்கரன்கோவில் பக்கம். அங்கே பஸ் ஸ்டாண்டு பக்கத்துல ஒரு ஸ்டுடியோ. எங்க சித்தி, அத்தை பொண்ணுங்க, அக்கா எல்லாரும் மாப்பிள்ளை வீட்டுக்கு அனுப்புற போட்டோவை அங்கேதான் எடுத்தாங்க. எல்லாப் படமும் ஒரே மாதிரி இருக்கும். நீல மேகத் திரை, பிளாஸ்டிக் பூ ஸ்டாண்டு, உடம்பு முக்கால் பக்கம் திரும்பி இருக்கும், முகம் கேமராவுக்கு, கை ரெண்டும் முன்னால கோத்து. உதட்டுல பல் தெரியாத ஒரு சிரிப்பு.

நான் செஞ்சது இதுதான். அதே ஸ்டுடியோ, அதே அண்ணாச்சி, அத்தையோட நகை, அம்மாவோட பட்டு. அவர் "அசையாதம்மா"ன்னு சொன்ன அந்த நொடியிலேருந்து அதே போஸ்ல முடிஞ்ச வரைக்கும் நின்னேன். பக்கத்துல இன்னொரு கேமராவுல ஒரே ஷாட்டா வீடியோ ஓடுச்சு. 23 நிமிஷம். சிரிப்பு 4வது நிமிஷத்துல நடுங்க ஆரம்பிச்சது. 9வதுல அது சிரிப்பே இல்ல. அப்புறம் கண்ணுல தண்ணி. அழுகை எல்லாம் இல்ல, சிமிட்டாம நின்னதால வந்தது.

ஒரு குழுக் கண்காட்சிக்கு அனுப்பினேன். தேர்வுக் குழுவுல ஒருத்தர் முகத்துக்கு நேராவே, "இது நீளமான செல்ஃபி. இப்போ எல்லாரும் ரீல்ஸ்ல இதைத்தானே செய்யுறாங்க"ன்னு சொன்னார். திரும்பி வர்ற பஸ்ல யோசிச்சுப் பார்த்தேன், பதில் வரல. அவர் சொன்னது சரிதானோன்னுகூட ஒரு பயம். நீங்க என்ன நினைக்கிறீங்க?

---

நடுநிலை_நாகராஜன் | சனி, இரவு 11:05

23 நிமிஷம் சும்மா நிக்கிறது கலைன்னா, ரேஷன் கடை வரிசையில நிக்கிற எங்கம்மாவுக்குப் பத்மஸ்ரீ குடுக்கணும்.

---

தேரிக்காடு | சனி, இரவு 11:09

குடுக்கலாம் வே. யாரு வேண்டாம்னா.

---

இருட்டறை | ஞாயிறு, காலை 6:20

தங்கச்சி, நான் 1981லேருந்து 2009 வரை ஸ்டுடியோ வெச்சிருந்தவன். கலை விஷயம் எனக்குத் தெரியாது. அந்த போஸைப் பத்தி மட்டும் சொல்றேன்.

முக்கால் பக்கம் திருப்பி நிக்க வைக்கிறது அழகுக்காகன்னு நினைக்காதீங்க. உடம்பு கொஞ்சம் மெலிஞ்சு தெரியும், பின்னல் தெரியும், மூக்கு கேமராவுக்கு நேரா வராது. பல் தெரியாம சிரிக்கச் சொல்றதுக்குக் காரணம் ரொம்ப எளிசு. சிரிச்சா "வாயாடி"ன்னு சொல்லுவாங்க, சிரிக்கலேன்னா "உர்ருன்னு இருக்கா"ன்னு சொல்லுவாங்க. ரெண்டுக்கும் நடுவுல ஒரு மில்லிமீட்டர் இருக்கு. அந்த மில்லிமீட்டருக்குத்தான் எங்களுக்குக் காசு.

கையைக் கோக்கச் சொல்றதும் அப்படித்தான். சும்மா விட்டா பிள்ளைங்களுக்கு கையை என்ன பண்றதுன்னு தெரியாது, நடுங்கும்.

டச்சிங்கும் உண்டு. ஃபிலிம் காலத்துல நெகட்டிவ் மேலே மருந்து தடவி, ஊசி மாதிரி சீவின பென்சிலால பரு, தழும்பு, கண்ணுக்குக் கீழே இருக்குற கருப்பு எல்லாத்தையும் மூடுவோம். நெகட்டிவ்ல பென்சில் படுற இடம் பிரிண்டுல வெளுப்பாகும். "கலர் கொஞ்சம் ஏத்திக் குடுங்க"ன்னு பிள்ளையோட அப்பா காதுல வந்து சொல்லுவார். பிள்ளைக்குக் கேட்டிருக்கும். எனக்குத் தெரிஞ்சு எந்தப் பிள்ளையும் திரும்பிப் பார்த்ததில்ல.

உங்க ஸ்டுடியோக்காரர் அன்னைக்கு எடுத்த போட்டோவை உங்களுக்குக் குடுத்தாரா?

---

பாதி_சிரிப்பு | ஞாயிறு, காலை 8:51

குடுத்தார் அண்ணா. ரெண்டு நாள் கழிச்சு வாட்ஸப்ல வந்தது. நான் கேட்கவே இல்ல, அவரே கலர் ஏத்தி அனுப்பியிருந்தார். அதுக்குக் காசும் வாங்கல. அது என்னை என்னமோ பண்ணுச்சு. ஆனா வேலைக்குள்ள அதைச் சேர்க்கத் தோணல.

---

எழும்பூர்_வாசி | ஞாயிறு, காலை 10:15

நீளமாக எழுதப் போகிறேன், மன்னிக்கவும்.

"நீளமான செல்ஃபி" என்ற வசவு புதிதில்லை. கையில் தூக்கிப் போகக்கூடிய வீடியோ கருவி 1960களின் கடைசியில் அமெரிக்காவில் விற்பனைக்கு வந்ததும் கலைஞர்கள் முதலில் அதைத் தங்கள் பக்கமே திருப்பினார்கள். வீட்டோ அக்கோன்சி 1971இல் 'சென்டர்ஸ்' என்று ஒன்று செய்தார். மானிட்டரில் தெரியும் தன் முகத்தின் நடுப்புள்ளியை 20 நிமிடத்துக்கும் மேலாக விரலால் சுட்டிக்கொண்டே நின்றார். அவ்வளவுதான் வேலை. அதை முன்வைத்துக் கலை விமர்சகர் ரோசலிண்ட் கிராஸ் 1976இல் ஒரு கட்டுரை எழுதி, வீடியோ என்ற ஊடகத்தின் அடிப்படையே சுயமோகம்தானா என்று கேட்டார். ஆக, உங்கள் தேர்வுக் குழு நண்பர் ஐம்பது வருடப் பழைய கேள்வியைத்தான், கட்டுரை எழுதாமல், கேட்டிருக்கிறார்.

அசையாமல் நிற்பதற்கும் முன்னோடிகள் உண்டு. ஆண்டி வார்ஹோல் 1964 முதல் 66 வரை தன் ஸ்டுடியோவுக்கு வந்தவர்களை கேமரா முன் உட்காரவைத்து, ஒரு சுருள் தீரும்வரை அசையாமல் இருக்கச் சொல்லிப் படம் பிடித்தார். 472 படங்கள் இன்றும் இருக்கின்றன. மூன்று நிமிடத்துக்கும் குறைவாக எடுத்ததை மெதுவாக ஓட்டிக் காட்டினார். அதனால் சிமிட்டலே ஒரு நிகழ்ச்சி மாதிரி ஆகிவிடும். கில்லியன் வேரிங் 1996இல் 26 பேருக்குப் போலீஸ் உடை மாட்டி, குரூப் போட்டோவுக்கு நிற்பதுபோல ஒரு மணி நேரம் நிறுத்தி வீடியோ எடுத்தார். தூரத்திலிருந்து பார்த்தால் புகைப்படம் என்றே நினைப்பீர்கள். கிட்டே போனால் ஒருவர் மூக்கைச் சொறிவார், ஒருவர் கால் மாற்றுவார். சீருடைக்குள்ளிருந்து ஆட்கள் மெல்ல வெளியே கசிந்துவிடுவார்கள். அடுத்த வருடம் அவருக்கு பிரிட்டனின் பெரிய கலைப் பரிசான டர்னர் பரிசு கிடைத்தது.

இதைச் சொல்வது உங்களை மட்டம் தட்ட அல்ல. "ஏற்கெனவே செய்தாகிவிட்டது" என்று அடுத்த குழுவில் யாராவது சொல்வார்கள், அப்போது முழிக்கக்கூடாது. வார்ஹோலும் வேரிங்கும் மற்றவர்களை நிறுத்தினார்கள். நீங்கள் உங்களையே நிறுத்தியிருக்கிறீர்கள், அதுவும் உங்களுக்காகவே தயாராகக் காத்திருந்த ஓர் அச்சுக்குள்.

செல்ஃபி விஷயத்துக்கு வருகிறேன். செல்ஃபியில் கை உங்களுடையது, கோணம் உங்களுடையது, பிடிக்காவிட்டால் அழிக்கும் உரிமையும் உங்களுடையது. பெண் பார்க்கும் படத்தில் இதில் எது உங்களுடையது?

---

நடுநிலை_நாகராஜன் | ஞாயிறு, காலை 10:31

சரி, இது கேள்வி. ஒத்துக்கிறேன். ஆனா அந்த வெள்ளைக்காரங்க பேரெல்லாம் சொன்னாத்தான் எங்களுக்கு மதிப்பா? நம்ம ஊர்ல யாரும் இல்லையா?

---

மணல்மேடு | ஞாயிறு, பிற்பகல் 12:40

ஏன் இல்லாமல்? பெங்களூரு புஷ்பமாலா இருக்கிறாரே. 1956இல் பிறந்தவர், பரோடாவில் சிற்பம் படித்தவர். சுடுமண் சிற்பங்களுக்காகப் பெயர் வாங்கியிருந்த நேரத்தில், தொண்ணூறுகளின் நடுவில், களிமண்ணை வைத்துவிட்டுத் தன் உடம்பையே எடுத்துக்கொண்டார். முதலில் 1996–98இல் பம்பாய்த் தெருக்களில் முகமூடியும் தொப்பியும் போட்ட ஒரு சாகசக்காரியாக. பழைய ஸ்டண்ட் பட நாயகி நாடியாவின் சாயல் அதில் நன்றாகத் தெரியும்.

இந்த இழைக்கு முக்கியமானது அதன் பிறகு வந்தது. 2000 முதல் 2004 வரை புகைப்படக்காரர் கிளேர் ஆர்னியுடன் சேர்ந்து "தென்னிந்தியாவின் பூர்வீகப் பெண்கள்: பழக்கவழக்கங்கள்" என்று ஒரு பெரிய தொடர். தலைப்பே நக்கல், வெள்ளைக்கார துரைகள் எழுதிய புத்தகத் தலைப்பு மாதிரி. ரவிவர்மா படத்துப் பெண், வேளாங்கண்ணி மாதா, போலீஸ் பிடித்த திருடி, தோடர் பெண், சவுக்கைச் சொடுக்கும் ஜெயலலிதாவின் பழைய சினிமா ஸ்டில் என ஒவ்வொன்றையும் திரை, நகை, வெளிச்சம் வரை அப்படியே மறுபடி கட்டி, நடுவில் தானே நின்றார்.

2019 சென்னை போட்டோ பினாலேயை (இரண்டு வருடத்துக்கு ஒருமுறை நடக்கும் பெரிய கண்காட்சிதான் பினாலே) வழிநடத்தியவரும் அவர்தான். சேப்பாக்கம் செனட் ஹவுஸுக்குள் நடந்ததை இங்கே சிலர் பார்த்திருப்பீர்கள்.

தொடரில் தோடர் பெண்ணாக நிற்கும் படத்தைத் தேடிப் பாருங்கள். பின்னால் கட்டம் போட்ட திரை இருக்கும். அந்தக் கட்டம் அலங்காரம் இல்லை. 1869இல் லாம்ப்ரே என்பவர் மனித உடம்பை அளந்து ஒப்பிடுவதற்காக இரண்டு அங்குலச் சதுரங்களாக நூல் கட்டிய சட்டத்தின் முன் ஆட்களை நிறுத்திப் படம் எடுக்கும் முறையைச் சொன்னார். பிறகு அந்தமான் மக்கள்மீது அது பிரயோகிக்கப்பட்டது. நம் எழும்பூர் மியூசியத்துக்கும் இந்தக் கதையில் பங்கு உண்டு. 1885 முதல் 1908 வரை அதன் கண்காணிப்பாளராக இருந்த எட்கர் தர்ஸ்டன், ஆட்களை நிறுத்தி உயரம், தலைச் சுற்றளவு, மூக்கின் அகலம் எல்லாம் கருவி வைத்து அளந்தவர். 1909இல் சாதிகளையும் பழங்குடிகளையும் பற்றி ஏழு தொகுதிகளாக வெளியிட்டார்.

இப்போது உங்கள் அக்காவின் ஜாதகத்தோடு போன தாளை எடுத்துப் பாருங்கள். உயரம், நிறம், உட்பிரிவு. தர்ஸ்டனின் அட்டவணையில் மூக்கு மட்டும் கூடுதல்.

---

எழும்பூர்_வாசி | ஞாயிறு, பிற்பகல் 12:58

அந்தக் கடைசி வரிக்கு ஒரு டீ வாங்கித் தருகிறேன்.

புஷ்பமாலா தொடரில் இன்னொன்றையும் கவனிக்க வேண்டும். அது 200 படங்களுக்கு மேல் போகும், நான்கு பகுதி. அதில் ஒரு பகுதி முழுக்கப் படம் எடுக்கும் வேலையையே காட்டுவது. திரையைக் கட்டுகிறவர், விளக்கைப் பிடிக்கிறவர், ஒப்பனை போடுகிறவர் எல்லாரும் அதில் வருகிறார்கள். தன்னைக் காட்டுகிற வேலையில் இத்தனை பேருக்கு இடம்.

உங்கள் வீடியோவில் ஸ்டுடியோக்காரர் வருகிறாரா?

---

பாதி_சிரிப்பு | ஞாயிறு, பிற்பகல் 2:10

மாட்டார். குரல்கூட வராது. ஒலியை மொத்தமா எடுத்துட்டேன்.

ஒண்ணு ஒத்துக்கிறேன். 23 நிமிஷத்துல நானா நிறுத்தல. கேமரா 29 நிமிஷம் 59 விநாடி வரைக்கும் ஓடும், அது தானா நிக்குற வரைக்கும் நிக்கணும்னு இருந்தேன். அண்ணாச்சிதான் பொறுமை போய், "போதும்மா, லைட்டு சூடாவுது, கரண்டு பில்லு நீயா கட்டுவ"ன்னார். நான் சிரிச்சுட்டேன், பல் தெரிய. அதை வெட்டிட்டேன். வேலையோட கனம் கெடும்னு பட்டது.

---

தேரிக்காடு | ஞாயிறு, பிற்பகல் 2:14

அட கெடுத்தியே தாயி.

---

இருட்டறை | ஞாயிறு, பிற்பகல் 2:30

அதுதான் படமே.

---

தேரிக்காடு | ஞாயிறு, மாலை 4:45

நான் குலசேகரன்பட்டினத்துக்காரன். தசராவுக்கு எங்க ஊருக்கு வந்து பாருங்க. முத்தாரம்மனுக்கு நேர்ச்சை வெச்சு, மாலை போட்டு, விரதம் இருந்து ஆளுக்கொரு வேசம் கட்டுவாக. காளி, குறத்தி, குரங்கு, போலீசு, ராசா, பிச்சைக்காரரு. சொந்தமா லாரி வெச்சிருக்கிற ஆளு பிச்சைக்காரர் வேசத்துல தெருத்தெருவா தட்டேந்துவாரு. சேர்ந்த காசை கோயில்ல போட்டுருவாரு. பத்தாம் நாள் ராத்திரி கடற்கரையில சம்ஹாரம். விடிஞ்சா காப்பு அவுத்துட்டு அவனவன் வேலைக்கு.

எங்க மாமா பதினோரு வருசம் காளி கட்டினாரு. கிரீடம், பின்னால மாட்டுற கை, சடைமுடி, அந்த வெயிட்ட தூக்கிட்டு நாள் முழுக்க நடக்கணும். காளி வேசத்துக்கு விரதம் ரொம்பக் கடுசு. வேசம் கட்டினா உமக்கு என்ன தோணும்னு சின்ன வயசுல கேட்டேன். "கட்டுறதுக்கு முந்தி நான் மணி. கட்டினப்புறம் என் கால்ல எங்கம்மையே விழுதா. இதுல நான் எங்க இருக்கேன்னு நீயே சொல்லு"ன்னாரு. அவுத்தப்புறம்தான் கொஞ்ச நாளு என்னமோ மாதிரி இருப்பாரு. சொந்த முகம் பழக நாலு நாளாவுமாம்.

நான் சொல்ல வந்தது என்னன்னா, அடையாளம் கிடையாளம்னு பேசுறவங்க வேசத்தைக் களைஞ்சா உள்ளுக்குள்ள நிசமான ஆளு இருக்கான்னு பேசுறாக. எனக்கு அதுல நம்பிக்கையில்ல. அந்தப் பிள்ளைக்கு 9வது நிமிசத்துல சிரிப்பு போயிட்டு. அப்போ வந்தது நிசமான முகமா? அதுவும் ஒரு முகம், அவ்வளவுதான். வலிச்ச முகம்.

---

எழும்பூர்_வாசி | ஞாயிறு, மாலை 5:20

தேரிக்காடு சொன்னதைத்தான் அமெரிக்கக் கலைஞர் சிண்டி ஷெர்மன் விஷயத்தில் பலர் கோட்டை விடுகிறார்கள். 23 வயதில், 1977இல், நியூயார்க்கில் தொடங்கி மூன்று வருடத்தில் சுமார் 70 கறுப்பு வெள்ளைப் படங்கள் எடுத்தார். எல்லாவற்றிலும் அவர்தான். ஆனால் எதுவுமே தன்னுருவப் படம் இல்லை என்று அவரே பலமுறை சொல்லியிருக்கிறார். இல்லாத சினிமாக்களின் ஸ்டில்கள் அவை. நாம் எந்தப் படத்தையும் பார்த்ததில்லை, ஆனாலும் எல்லாம் பார்த்த மாதிரி இருக்கும். அந்த "பார்த்த மாதிரி"தான் அவர் வேலை.

உள்ளே இருப்பதை வெளியே கொட்டும் வேலையாக மட்டும் தன்னைக் காட்டுதலை நினைத்தால் "செல்ஃபி" என்ற சொல் வந்து ஒட்டிக்கொள்ளும்.

---

அகல் | ஞாயிறு, இரவு 9:33

கொஞ்சம் கசப்பா எழுதுறேன், பொறுத்துக்கங்க.

எல்லாரும் போஸைப் பத்திப் பேசுறீங்க. கலர் ஏத்தி வந்த அந்த வாட்ஸப் படத்தை அந்தப் பொண்ணு "என்னமோ பண்ணுச்சு"ன்னு ஒரு வரியில தாண்டிட்டா, நீங்களும் தாண்டிட்டீங்க. எனக்கு நிறம் கறுப்பு. எனக்கு எடுத்த படத்துல முகம் ஒரு நிறம், கை ஒரு நிறம். ஏத்தினவர் கையை மறந்துட்டார். அந்தப் படத்தை வெச்சு மூணு வீட்டுக்காரங்க வந்தாங்க. வந்தவங்க கண்ணு என் முகத்துலேருந்து கைக்கு இறங்குறதை நான் பார்த்தேன். இதுக்கு மேலே சொல்ல எனக்கு இஷ்டமில்ல.

ஹோவர்டினா பிண்டெல் என்ற கறுப்பின அமெரிக்க ஓவியர் 1980இல ஒரு வீடியோ செஞ்சாங்க, 12 நிமிஷம்தான். சின்ன வயசுலேருந்து நடந்த அவமானங்களை குரலை உயர்த்தாம, கேமராவைப் பார்த்து ஒவ்வொண்ணா சொல்றாங்க. நடு நடுவே ஒரு வெள்ளைக்காரி வந்து, நீ எல்லாத்தையும் பெருசுபடுத்துற, உனக்கு நன்றியே இல்லங்கிற தொனியில பேசுறா. அந்த வெள்ளைக்காரியும் பிண்டெல்தான். பொன்னிற விக், முகத்துல வெள்ளைப் பூச்சு, கறுப்புக் கண்ணாடி. தன்னை நம்பாதவளோட வேஷத்தையும் தானே கட்டிக்கிட்டாங்க. அதைப் பார்த்தப்போ எனக்கு அந்த ரெண்டு நிறப் படம்தான் ஞாபகம் வந்துச்சு.

பாதி_சிரிப்பு, நகை யாருதுன்னு சொன்னீங்க. பட்டு யாருதுன்னு சொன்னீங்க. அந்தப் படம் யார் வீட்டுக்குப் போகும், யார் வீட்டுக்குப் போகவே போகாதுங்கிறதைச் சொல்லல. நீல மேகத் திரைக்குப் பின்னால சாதிதான் நிக்குது, அதை அசைக்கிறதுக்கு 23 நிமிஷம் எல்லாம் பத்தாது. வேலை மோசம்னு சொல்லல. கேள்வி இன்னும் உள்ளே இறங்கலாம்னு சொல்றேன்.

---

பாதி_சிரிப்பு | ஞாயிறு, இரவு 10:20

அக்கா, வாசிச்சேன். உடனே பதில் எழுத வரல. தாண்டினது உண்மைதான். அந்த வாட்ஸப் படத்தைத் திறந்தப்போ முதல்ல எனக்கு வந்தது, "நல்லா இருக்கேனே"ன்னு ஒரு சந்தோஷம். அந்த சந்தோஷத்துக்கு வெட்கப்பட்டுத்தான் ஃபோல்டருக்குள்ள ஒளிச்சு வெச்சேன்.

---

அகல் | ஞாயிறு, இரவு 10:26

அதை இங்கே எழுதிட்டீங்க இல்ல. வேலைக்குள்ளயும் வைங்க.

---

ஸ்கார்பரோ_சித்தப்பா | திங்கள், அதிகாலை 3:12

பிள்ளை, நான் கனடாவில இருந்து எழுதுறன். எங்கட சனத்துக்கு இந்தப் படம் இன்னொரு வேலையும் செய்தது. சண்டைக் காலத்தில மாப்பிள்ளை இங்க, பொம்பிளை யாழ்ப்பாணத்திலயோ கொழும்பில லொட்ஜிலயோ. பார்த்துக் கதைக்க வழியில்லை. படம்தான் முதல் வந்தது, ஆள் பிறகுதான். என்ர மனிசியின்ர படம் எட்டு மாசம் என்ர பேர்ஸுக்குள்ள இருந்தது. எயார்போட்டில ஆளைக் கண்டபோது, படத்தில இருந்தவவைத் தேடிக்கொண்டு நிண்டன்.

கலியாணம் முடிச்சு ஸ்பொன்சர் பண்ணேக்க இன்னொரு கூத்து. இந்தக் கலியாணம் மெய்யானது எண்டு இமிகிரேசனுக்குக் காட்டப் படங்கள் குடுக்கவேணும். அதுக்கெண்டே சிரிச்சுக்கொண்டு நிண்ட படங்கள் எங்கட அல்பத்தில நிறைய இருக்கு. சந்தோசத்துக்குச் சாட்சி.

லண்டனில பிறந்த எங்கட பெடியன், கிறிஸ்டோபர் குலேந்திரன் தோமஸ் எண்டு, வீடியோவில வேலை செய்யிறவர். பேர் பெற்ற ஆக்களின்ர முகத்தைக் கொம்பியூட்டரால செய்து பேசவைச்சு, ஈழம், கலை, மனுசன் எண்டால் என்ன எண்டெல்லாம் கேட்கிறார். மகள் கூட்டிக்கொண்டு போய்க் காட்டினவள். எனக்குப் பாதி விளங்கேல்லை. ஆனால் இனி முகத்தைச் சாட்சியாக் காட்டேலாது எண்டது மட்டும் நல்லா விளங்கினது. அப்ப உங்கட 23 நிமிசம் இன்னும் பெறுமதி எண்டு நான் நினைக்கிறன். களைச்ச கால் பொய் சொல்லாது, இப்போதைக்கு.

---

நடுநிலை_நாகராஜன் | திங்கள், காலை 9:02

சித்தப்பா எழுதினதைப் படிச்சிட்டு ஆபீஸ்ல உட்கார்ந்திருக்கேன். வேலை ஓடல.

ஒரே ஒரு நடைமுறைக் கேள்வி. இதை யாரு வாங்குவாங்க? யூடியூப்ல போட்டா எல்லாரும் பார்ப்பாங்களே? எப்படிச் சோறு?

---

ஓரச்சுவர் | திங்கள், காலை 11:30

காலரிகளில் வீடியோ மாட்டும் வேலை செய்பவன் நான். நாகராஜன் கேட்டதற்கு இந்தப் பதில்.

வீடியோ வேலையை எண்ணிக்கை வைத்துத்தான் விற்பார்கள். மூன்று பிரதி, ஐந்து பிரதி, அதோடு கலைஞர் கையில் ஒன்றிரண்டு. வாங்குபவருக்குக் கோப்பும் கையெழுத்துப் போட்ட சான்றிதழும் போகும். சான்றிதழ் இல்லாத கோப்புக்கு மதிப்பில்லை. எத்தனை அங்குலத் திரை, படுக்கையா நிமிர்ந்தா, ஒலி வெளியே கேட்கலாமா என்பதையெல்லாம் தாளில் எழுதிக் கொடுக்க வேண்டும், இல்லையென்றால் வாங்கியவர் சாப்பாட்டு அறை டிவியில் ஓட்டுவார். இதில் சோறு உடனே வராது. ஆரம்பத்தில் உதவுவது தங்கிச் செய்யும் திட்டங்கள்தான். டெல்லி கிர்க்கியில் கோஜ் அமைப்பு படிப்பை முடித்த இளையவர்களுக்காக நடத்துவது, கொச்சி பினாலேயோடு சேர்ந்து வரும் மாணவர் பினாலே, இரண்டையும் கண்ணில் வைத்திருங்கள்.

தங்கையின் வேலைக்கு என் யோசனை: புரொஜெக்டர் வேண்டாம். நம்மூர்க் காலரிகளில் இருட்டு முழுசாகக் கிடைக்காது, பட்டின் நிறம் செத்துவிடும். பெரிய டிவியை நிமிர்த்தி மாட்டி, ஆள் உயரத்துக்கு நிற்க வையுங்கள். முதலில் புகைப்படம் என்று நினைத்துத் தாண்டிப் போவார்கள், போகட்டும். சிமிட்டலைப் பார்த்துத் திரும்பி வருபவர்தான் உங்கள் பார்வையாளர். ஒலியை ஹெட்ஃபோனில் அடைக்க வேண்டாம், சின்ன ஸ்பீக்கரில் மெல்லிசாக விடுங்கள். ஒலி இருந்தால்தானே என்கிறீர்களா? நானும் இருட்டறை அண்ணன் கட்சிதான், அந்தக் கரண்டு பில்லை எடுத்து வையுங்கள்.

இன்னொன்று. நிகழ்த்துவது ஒரே தடவை என்பதால் அசல் கோப்பை மூன்று இடத்தில் வையுங்கள். அதில் ஒன்று வேறு ஊரில் இருக்கட்டும். ஒரு கண்காட்சியில் கலைஞரின் ஒரே பென்டிரைவ் என் கையில் செத்ததை நான் மறக்க மாட்டேன்.

---

மணல்மேடு | திங்கள், பிற்பகல் 1:15

ஒலியைப் பற்றிக் கடைசியாக ஒரு மாற்றுக் கருத்து. சோனியா குரானாவின் 'பறவை' என்ற பழைய வீடியோ, இரண்டாயிரத்தை ஒட்டிச் செய்தது. கறுப்பு வெள்ளை, ஒலி கிடையாது, ரொம்பச் சின்னது. உடையில்லாத, பருத்த தன் உடம்போடு பறக்க முயன்று விழுகிறார், மறுபடி முயல்கிறார். பார்க்கும்போது சிரிப்பு வரும், சிரித்ததற்குக் கூச்சமும் வரும். ஒலி இருந்திருந்தால் அந்தக் கூச்சம் நமக்கு வந்திருக்காது என்று நினைக்கிறேன். மௌனமும் வேலை செய்யும். எதற்காக மௌனம் என்பது தெரிந்திருந்தால் சரி.

---

பாதி_சிரிப்பு | வியாழன், இரவு 9:48

மூணு நாளா பதில் எழுதாததுக்கு மன்னிச்சிடுங்க. ஊருக்குப் போயிருந்தேன்.

மணல்மேடு கேட்டதுதான் தூங்க விடல. எதுக்காக ஒலியை எடுத்தேன்? கனமா தெரியணும்னுதான். "நான் மட்டும் தனியா தாங்கிக்கிட்டு நிக்கிறேன்"ங்கிற மாதிரி தெரியணும். ஆனா அன்னைக்கு நான் தனியா நிக்கல. அத்தை முந்தானை மடிப்பைச் சரி பண்ணிட்டு ஃபிரேமுக்கு வெளியே ஸ்டூல்ல உட்கார்ந்திருந்தாங்க. 6வது நிமிஷம் ஒரு குடும்பம் பாஸ்போர்ட் சைஸ் எடுக்க வந்து, என்னைப் பார்த்துட்டு, "என்னாச்சு இந்தப் பொண்ணுக்கு"ன்னு கேட்டாங்க. அண்ணாச்சி, "ஒண்ணுமில்ல, படிப்பு"ன்னார். எல்லாம் அசல்ல பதிவாகி இருக்கு. மறுபடி கேட்டேன். நான் போட்ட வெர்ஷனைவிட இது எவ்வளவோ நல்லா இருக்கு.

அண்ணாச்சி குரலை வைக்கணும்னா அவர்கிட்ட கேட்கணுமே. அதுக்குத்தான் போனேன். லேப்டாப்ல முழு 23 நிமிஷத்தையும் வெட்டாம காட்டினேன். கடையில ஆள் வந்தா நிறுத்திட்டு, போனதும் மறுபடி ஓட்டினோம். அவர் கன்னத்துல கை வெச்சுட்டு, ஒரு வார்த்தை பேசாம பார்த்தார். கலை பத்தி ஏதாவது சொல்வார்னு நான் காத்திருந்தேன்.

"14வது நிமிசத்துலயே இடது தோள் இறங்கிட்டு. நான் அப்பவே சொல்லியிருக்கணும்"னார்.

அப்புறம், அவர் கலர் ஏத்தின படத்தைப் பத்திக் கேட்டேன். ஏன் நான் கேட்காமலே ஏத்தினீங்க அண்ணாச்சின்னு. அவருக்குக் கேள்வியே புரியல. "ஏத்தாம குடுத்தா உங்க அம்மா என்னைத் திட்டுவாங்கல்ல"ன்னார். அகல் அக்கா, அந்தப் பேச்சையும் அவர் சம்மதத்தோட பதிவு பண்ணியிருக்கேன். ஏத்தின படம், ஏத்தாத படம், ரெண்டையும் என்ன செய்யப் போறேன்னு இன்னும் முடிவாகல. இந்தத் தடவை ஒளிச்சு வெக்கல. அது யார் வீட்டுக்குப் போகாதுங்கிற உங்க கேள்விக்கு இந்த வேலையில பதில் இல்ல. அடுத்ததுல இருக்குமான்னும் தெரியல. ஆனா அந்த ஸ்டுடியோவுல சுவர் முழுக்க மாட்டியிருக்குற படங்களை இந்தத் தடவை வேற கண்ணால பார்த்தேன். யார் படம் கண்ணாடிக்குள்ள, யார் படம் டிராயர்லன்னு.

குரலுக்கு ஏதாவது குடுக்கணும்னு சொன்னதும், "அந்தக் கரண்டு பில்லைக் கட்டிரு"ன்னார். 340 ரூபா குடுத்தேன். ரசீது போட்டுக் குடுத்தார்.

ஓரச்சுவர் அண்ணா, ஒரு சந்தேகம். டிவியை நிமிர்த்தி மாட்டினா வீடியோவை எடிட்லயே திருப்பிடணுமா, இல்ல டிவி செட்டிங்ஸ்ல திருப்பலாமா?

---

ஓரச்சுவர் | வியாழன், இரவு 10:05

எடிட்டிலேயே திருப்பு. டிவியை நம்பாதே. மாட்டுவதற்கு முன் பின்னால் காற்றுப் போக இடம் இருக்கிறதா என்று பார், நிமிர்த்தி வைத்தால் சில மாடல் சூடாகும்.